பாறை முகட்டில் எஞ்சிய கருங்காலி

நிலத்துக்குப் பூவின் பெயரைச் சூட்டியது தமிழ் மரபு. மலைநிலம் குறிஞ்சி எனவும், காட்டுநிலம் முல்லை எனவும், கடற்கரை நெய்தல் எனவும் வழங்கலாயின. தொல்காப்பியம் கருப்பொருளை வகுத்தபோது, தெய்வத்தைச் சொன்ன அதே வரிசையில் உணவையும் விலங்கையும் மரத்தையும் பறவையையும் சொன்னது. ஒரு செடி ஒரு நிலத்துக்கு உரியது, அந்நிலத்தினின்று பிரித்தால் அதன் பொருள் குறைந்துபோகும் என்னும் தெளிவு அப்பகுப்பின் அடியில் உண்டு.

இத்தெளிவு இல்லாத இடத்தில் ஒரு பூவுக்கு என்ன நேரும் என்பதற்குத் தென் அட்லாண்டிக் கடலின் நடுவே கிடக்கும் செயின்ட் ஹெலினா என்னும் சிறு தீவின் வரலாறு சான்று பகரும். நெப்போலியன் 1815 முதல் 1821இல் இறக்கும்வரை சிறையிருந்த இடம் என்ற அளவிலேயே அத்தீவைப் பலர் அறிவர். ஆனால், அங்கே உலகில் வேறெங்கும் காணப்படாத ஒரு புதர்ச்செடி உண்டு. அது செம்பருத்தியும் பருத்தியும் பூவரசும் துத்தியும் வெண்டையும் அடங்கிய பெருங்குடும்பத்தைச் சேர்ந்தது. அழிந்தே போயிற்று என்று ஒரு நூற்றாண்டுக்கும் மேலாக நம்பப்பட்டு, பின்னர் ஒரு பாறைச் சரிவில் இரண்டே செடிகளாகக் கண்டெடுக்கப்பட்டது அது.

தீவும் செடியும்

செயின்ட் ஹெலினா எரிமலையால் எழுந்த தீவு. பரப்பளவு ஏறத்தாழ 122 சதுர கிலோமீட்டர். ஆப்பிரிக்காவின் மேற்குக் கரையிலிருந்து அதை அடைய ஏறக்குறைய 1,900 கிலோமீட்டர் கடல் கடக்க வேண்டும். எந்தக் கண்டத்தோடும் அது ஒருகாலும் ஒட்டியிருந்ததில்லை. ஆகவே அங்கு வேர்கொண்ட செடிகள் யாவும் காற்றிலோ அலையிலோ பறவையின் உடலோடோ தற்செயலாக வந்து சேர்ந்த விதைகளின் வழித்தோன்றல்களே. வந்து சேர்ந்தவை பல இலட்சம் ஆண்டுகள் தனிமையில் வளர்ந்து வேறினங்களாக மாறின.

தீவின் நடுமுகடு சுமார் 820 மீட்டர் உயரம். தென்கிழக்குக் காற்று அங்கே மேகத்தைக் கொண்டுவந்து நிறுத்துவதால் முகடு எப்போதும் ஈரமாக இருக்கும். கடலோர விளிம்போ வறண்ட பாறை. இவ்விரண்டுக்கும் இடையே, ஏறத்தாழ 500 மீட்டர் உயரத்துக்குக் கீழே அமைந்த வறண்ட சரிவுகளே மேற்சொன்ன புதரின் வாழிடம். அதன் இலை மேற்புறம் கரும்பச்சையாகவும், அடிப்புறம் வெளிறிய மென்மயிர் போர்த்ததாகவும் இருக்கும். பூ பெரியது, நடுவில் அரக்கு நிறம் திரண்ட வெள்ளைப் பூ. மலரும்போது வெண்மையாக இருந்து, முதிர முதிர இளஞ்சிவப்பாக மாறும். மஞ்சளாய் மலர்ந்து வாடும்போது செம்மை ஏறும் பூவரசம்பூவைக் கண்டவர்க்கு இந்த நிறமாற்றம் புதிதன்று. ஒரே குடும்பத்தின் உறவுச் சாயல் இது.

இதன் நெருங்கிய உறவினங்கள் மடகாஸ்கரிலும் மொரீஷியஸ் முதலிய தீவுகளிலும் வாழ்கின்றன. மொரீஷியஸ் 1992இல் தன் தேசிய மலராக ஏற்றுக்கொண்ட சிவந்த பூ, ட்ரோகெட்டியா என்னும் பேரினத்தைச் சேர்ந்தது. செயின்ட் ஹெலினாச் செடிக்குத் தாவரவியலார் இட்ட ட்ரோகெட்டியாப்சிஸ் என்ற பெயருக்கு, அந்த ட்ரோகெட்டியாவைப் போன்றது என்பதே பொருள்.

பெயர் வந்த வழி

1502ஆம் ஆண்டு போர்த்துகீசிய மாலுமிகள் தீவைக் கண்டபோது அங்கே மனிதர் எவரும் இல்லை. ஆகவே செடிகளுக்கும் பெயர் இல்லை. அவற்றைப் பாடியவரும் இல்லை. பின்னர் வந்தோர் தமக்குப் பயன்பட்டவற்றுக்கு மட்டும் பெயரிட்டனர். இந்தப் புதரின் வைரம் பாய்ந்த கட்டை கறுத்துக் கனத்து இருந்ததால் அதை எபனி, அதாவது கருங்காலி, என்றனர். உண்மையான கருங்காலி தென்னிந்தியாவிலும் இலங்கையிலும் வளரும் வேறொரு குடும்பத்து மரம். கீழை நாடுகளில் அம்மரத்தின் விலைமதிப்பை அறிந்த வணிகர் அதன் பெயரையே இதற்கும் இட்டனர். அருகில் வளர்ந்த உடன்பிறப்பான இன்னொரு மரம் செந்நிறக் கட்டை கொண்டது. அது செம்மரம் எனப்பட்டது. இரண்டுக்கும் பெயர் கட்டையிலிருந்தே வந்தது. பூவைப் பார்த்துப் பெயரிட எவருக்கும் தோன்றவில்லை.

கருங்காலி என்ற சொல்லுக்குத் தமிழில் தன் இனத்தைக் காட்டிக்கொடுப்பவன் என்ற பொருளும் உண்டு. அத்தீவில் முதன்முதலாக நிலைத்து வாழ்ந்த மனிதனும் அத்தகைய பழி சுமந்தவனே. பெர்னாவோ லோபெஸ் என்னும் போர்த்துகீசிய வீரன் கோவாவில் எதிர்ப்பக்கம் சேர்ந்தான் என்பதற்காக, 1512இல் அல்புகர்க்கின் ஆணையால் மூக்கும் காதுகளும் வலக்கையும் இடக்கைப் பெருவிரலும் வெட்டப்பட்டான். ஊர் திரும்பும் வழியில் இத்தீவில் இறங்கியவன், இடையில் ஒருமுறை ஐரோப்பா சென்று வந்தது தவிர, 1540களில் இறக்கும்வரை அங்கேயே வாழ்ந்தான். கடந்துசென்ற கப்பல்கள் அவனுக்கு விதைகளும் கால்நடைகளும் விட்டுச்சென்றன. அங்கஹீனனாகிய ஒருவன் தனியே பயிர் செய்து ஆடு வளர்த்து வாழ்ந்த இக்கதை ஒரு பெருங்காப்பியத்துக்குரியது. ஆனால் அவனுடைய காலத்திலேயே தீவின் பச்சைக்குக் கேடும் தொடங்கிவிட்டது.

ஆடு தின்ற காடு

தமிழகத்துச் சிற்றூர்களில் ஆடுதின்னாப்பாளை என்றொரு கொடி உண்டு. ஆடாதோடை என்ற பெயரையும் ஆடு தொடாத இலை என்று பொருள் விரித்துச் சொல்வர். ஆடும் மாடும் மேயும் நாட்டில் செடிகள் கசப்பையோ முள்ளையோ நஞ்சையோ பெற்றுத் தம்மைக் காத்துக்கொள்ளும். மக்களும் அதைக் கண்டு பெயரிடுவர். செயின்ட் ஹெலினாவில் மேயும் விலங்கே இருந்ததில்லை. எனவே அங்கிருந்த செடிகளுக்கு முள்ளும் இல்லை, கசப்பும் இல்லை. 1513 வாக்கில் அங்கு ஆடுகள் இருந்தன என்பர். 1588இல் ஆங்கிலேயர் காவெண்டிஷ் வந்தபோது அவை பெருமந்தைகளாகப் பெருகியிருந்தன.

ஆடுகள் முதிர்ந்த மரத்தை வீழ்த்துவதில்லை. அவை தின்றது முளைவிட்ட கன்றுகளை. அதனால் கேடு உடனே கண்ணுக்குப் புலப்படவில்லை. மரங்கள் நின்றன, நிழல் தந்தன, பூத்தன. ஆனால் அவற்றுக்குப் பின் மரபு இல்லை. முதிர்ந்தவை ஒவ்வொன்றாகச் சாய்ந்தபோதுதான் அடுத்த தலைமுறை இல்லையென்பது தெரிந்தது. 1836இல் தீவுக்கு வந்த டார்வின் இதைக் கூர்ந்து கண்டார். 1716இல் மரங்கள் பல நின்ற பெருங்காடு 1724க்குள் பெரும்பாலும் வீழ்ந்துபட்டது என்ற பழைய குறிப்பை எடுத்துக்காட்டி, விலங்குகள் வந்திறங்கியதற்கும் காடு மறைந்ததற்கும் இடையே ஏறத்தாழ 220 ஆண்டுகள் கடந்தன என்று கணக்கிட்டார். அப்பகுதிக்கு இன்று வழங்கும் பெயர்களுள் ஒன்றின் பொருள் பட்டமரச் சமவெளி என்பது. காட்டின் நினைவு ஊர்ப்பெயரில் மட்டும் தங்கியது.

கும்பினியின் கணக்கு

1659இல் ஆங்கிலக் கிழக்கிந்தியக் கும்பினி தீவில் குடியேற்றம் அமைத்தது. சென்னையில் புனித ஜார்ஜ் கோட்டையை எழுப்பிய அதே கும்பினி. இலண்டனில் இருந்த அதே இயக்குநர் அவை. சென்னையிலிருந்தும் வங்காளத்திலிருந்தும் சரக்கேற்றி ஊர் திரும்பிய கப்பல்கள், நன்னம்பிக்கை முனையைக் கடந்து இத்தீவில் தங்கி நீரும் இறைச்சியும் பெற்றன. பல மாதக் கடற்பயணத்தில் நோயுற்ற மாலுமிக்கு அங்கே கிடைத்த புத்திறைச்சி உயிர் மீட்டது. தீவில் உழைத்த அடிமைகளுள் மடகாஸ்கரிலிருந்து கொண்டுவரப்பட்டோரோடு இந்தியாவிலிருந்து கொண்டுவரப்பட்டோரும் இருந்தனர்.

குடியேறியவர்கள் தோல் பதனிடக் கருங்காலி, செம்மரம் ஆகியவற்றின் பட்டையைப் பயன்படுத்தினர். தமிழகத்தில் தோல் பதனிட உதவிய ஆவாரை, வெட்ட வெட்டத் தழைப்பது. இம்மரங்களோ அத்தகையன அல்ல. அடிமரத்தில் எளிதாக எட்டிய பட்டையை உரித்துக்கொண்டு மரத்தை நின்றவாறே பட்டுப்போகவிட்டனர். சாராயம் வடிக்க விறகு வேண்டியிருந்தது. கோட்டை கட்டச் சுண்ணாம்பு வேண்டியிருந்தது. 18ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் கருங்காலிக் கட்டைகள் சுண்ணாம்புக் காளவாய்களில் எரிந்தன. பெயரில் இருந்த மதிப்பும் அதனை விறகாவதிலிருந்து காக்கவில்லை.

அந்நூற்றாண்டின் முதற்பாதியில் தீவின் ஆட்சியினருக்கே அச்சம் பிறந்தது. ஆடுகள் இளங்கருங்காலிகளின் பட்டையைக் கடித்து அழிக்கின்றன, காட்டைக் காக்க வேண்டுமானால் ஆடுகளை ஒழிக்க வேண்டும் என்று அவர்கள் கருத்துத் தெரிவித்தனர். இலண்டன் இயக்குநர்களிடமிருந்து வந்த விடை சுருக்கமானது: ஆடுகளை அழிக்க வேண்டியதில்லை, கருங்காலியைவிட அவற்றின் மதிப்பு மிகுதி. வாலஸ் 1880இல் வெளியிட்ட தீவுகள் பற்றிய தம் நூலில் இவ்விடையை எடுத்துக்காட்டினார்.

இந்த விடையை அறிவின்மை என்று ஒதுக்கிவிடுவது எளிது, நேர்மையாகாது. கப்பலுக்கு இறைச்சி வேண்டும். கருங்காலியை யாரும் உண்ண முடியாது. கணக்கேட்டில் ஆட்டுக்கு விலை உண்டு. சரிவில் நிற்கும் செடிக்கு விலை இல்லை. அந்த ஏட்டின் முறைப்படி விடை பிழையற்றது. பிழை ஏட்டின் அமைப்பில் இருந்தது. செடி வேரோடு பிடித்து நின்ற மண்ணுக்கும், அம்மண் காத்த நீருக்கும் அதில் பத்தி இல்லை. செடி போனபின் மழை மண்ணை அரித்துச் சென்றது. வறண்ட சரிவுகளில் பிற்காலத்தில் சப்பாத்திக்கள்ளி படர்ந்தது. கருங்காலியின் இறந்த கட்டைகள் மட்டும் ஓடைப் பள்ளங்களில் மண் அரிக்க அரிக்க வெளிப்பட்டன. தீவு மக்கள் அவற்றைப் பொறுக்கிப் பெட்டிகளிலும் பலகைகளிலும் பதித்து அழகுவேலை செய்தனர். செடியைக் காணாத தலைமுறைகள் அதன் எலும்பைக் கொண்டு அணி செய்தன.

கும்பினியின் ஏட்டிலும் மாற்றுக் குரல்கள் இல்லாமற் போகவில்லை. 1808 முதல் 1813 வரை ஆளுநராயிருந்த அலெக்சாண்டர் பீட்சன், சென்னைப் படையில் பணியாற்றித் திப்பு சுல்தானுக்கு எதிரான இறுதிப்போரில் பங்கேற்றவர். அவர் மரம் நடுவதில் நாட்டங்கொண்டு, தீவின் பழைய ஆவணங்களைத் திரட்டி 1816இல் நூலாக்கினார். அந்நூலில் இடம்பெற்ற தீவின் தாவரப் பட்டியலைத் தந்தவர் வில்லியம் ராக்ஸ்பரோ. சென்னையில் கும்பினியின் தாவரவியலாளராக இருந்து சோழமண்டலக் கரையின் செடிகளை ஓவியங்களோடு நூலாக்கியவரும் அவரே. கல்கத்தாத் தோட்டத்துப் பொறுப்பை விட்டு ஊர் திரும்பும் வழியில் அவர் தீவில் தங்கினார். இத்தகைய தீவுகளில் கண்ட அழிவே, காடு காத்தல் என்னும் எண்ணம் கும்பினி அதிகாரிகளிடையே முளைத்து இந்தியாவரை பரவக் காரணமாயிற்று என்று ரிச்சர்ட் குரோவ் என்னும் வரலாற்றாசிரியர் 1995இல் வெளியான தம் நூலில் நிறுவினார். ஆனால் கருங்காலிக்கு அந்த எண்ணம் காலம் கடந்து வந்தது. 19ஆம் நூற்றாண்டின் நடுவிலிருந்து அது எவர் கண்ணிலும் படவில்லை. அழிந்தவற்றின் பட்டியலில் அதன் பெயர் சேர்ந்தது.

ஆடு எட்டாத இடம்

1980ஆம் ஆண்டு நவம்பர் மாதம். இங்கிலாந்திலிருந்து வந்திருந்த குவென்டின் கிரோங்க் என்னும் இளம் தாவரவியலாளரும், தீவில் பிறந்து அதன் காடுகளை நன்கறிந்த ஜார்ஜ் பெஞ்சமினும் கடலோரச் செங்குத்துப் பாறை ஒன்றில் இரண்டு புதர்களைக் கண்டனர். அவை கருங்காலி. ஆடும் கோடரியும் எட்டாத பாறை முகத்தில், வேர் செல்ல இடமிருந்த இடுக்குகளைப் பற்றிக்கொண்டு அவை உயிர் தாங்கியிருந்தன. ஜார்ஜின் உடன்பிறந்தாராகிய சார்லி பெஞ்சமின் கயிற்றில் இறங்கிப் போத்துகளை வெட்டிக்கொண்டு வந்தார். முருங்கைப் போத்தை நட்டுத் தழைக்கவைக்கும் எளிய முறையே இங்கும் கைகொடுத்தது. போத்துகள் வேர்விட்டன. அவற்றிலிருந்து ஆயிரக்கணக்கான செடிகள் உண்டாக்கப்பட்டுத் தீவின் வறண்ட சரிவுகளில் நடப்பட்டன. அவ்வாறு நடப்பட்ட இடங்களில் ஒன்று கருங்காலிச் சமவெளி என்று பெயர் பெற்றிருக்கிறது. பட்டமரச் சமவெளி இருந்த தீவில் ஒரு நிலத்துக்கு உயிருள்ள செடியின் பெயர் மீண்டது.

பாறைச் சரிவு அடைக்கலமாவது இத்தீவில் மட்டும் நிகழ்ந்ததன்று. மொரீஷியஸின் தேசிய மலரும் இயற்கையில் எஞ்சியது லெ மோர்ன் என்னும் செங்குத்து மலையிலேயே. அடிமைத்தளையிலிருந்து தப்பியோடியவர்கள் ஒளிந்து வாழ்ந்த மலையும் அதுவே. செடியானாலும் மனிதரானாலும் துரத்தப்பட்டோர்க்குப் புகலிடம் பிறர் விரும்பாத நிலமாகவே இருந்திருக்கிறது.

இதில் நுட்பமான ஒரு செய்தியும் உண்டு. பாறையில் கிடைத்த செடியை முதலில் பழைய நூல்களில் சொல்லப்பட்ட இனமாகவே கொண்டனர். ஆராய்ந்து பார்த்ததில், கருங்காலி என்று பழைய நூல்கள் சொன்ன பெயருக்குள் இரண்டு வேறு இனங்கள் கலந்திருந்தது தெரியவந்தது. ஒன்று முற்றாக அழிந்துவிட்டது. எஞ்சியதற்கு அறிவியலில் தனிப்பெயர் இருந்ததே இல்லை. கிரோங்க் 1995இல்தான் அதற்கு ட்ரோகெட்டியாப்சிஸ் எபினஸ் எனப் பெயரிட்டார். கட்டையை எண்ணியவர்களுக்கு இரண்டும் ஒன்றே. பூவையும் இலையையும் நோக்கியவர்க்கே அவை இரண்டு.

மீண்டதும் மீளாததும்

மீட்சியை முழு வெற்றி என்று கொண்டாடுவதற்கில்லை. ஆயிரக்கணக்கான செடிகளும் இரண்டே செடிகளின் வழிவந்தவை. ஒரு காட்டின் பல்வகை இயல்புகளில் அந்த இரண்டு செடிகள் சுமந்திருந்தவை மட்டுமே மிஞ்சின. உடன்பிறப்பாகிய செம்மரத்தின் நிலை இன்னும் கடுமை. 1950களில் அது ஒரே ஒரு மரமாக எஞ்சியது. இன்றுள்ள செம்மரங்கள் யாவும் அதன் வழியினவே. அவை வளர்ச்சி குன்றியே காணப்படுகின்றன. இவ்விரண்டு இனங்களின் கலப்பில் பிறந்த செடியோ செழித்து வளர்கிறது. அதற்கு ஜார்ஜ் பெஞ்சமினின் நினைவாகப் பெயரிடப்பட்டுள்ளது. ஆயினும் கலப்பினம் தூய இனத்தின் இடத்தை நிரப்பிவிட முடியாது. உயர்ந்த ஈரச் சரிவுகளிலோ, நாருக்காகக் கொண்டுவந்து பயிரிட்ட நியூசிலாந்துச் செடி 20ஆம் நூற்றாண்டில் பெரும்பரப்பைக் கவர்ந்துகொண்டது. 1966இல் அத்தொழில் நின்றது. செடி நின்ற இடத்திலேயே நிலைத்துவிட்டது.

ஜார்ஜ் பெஞ்சமின் 1977இல் கண்டெடுத்த இன்னொரு மரத்தின் முடிவையும் இங்கே சொல்ல வேண்டும். செயின்ட் ஹெலினா ஒலிவம் என்று பெயர் பெற்ற அது உண்மையில் இலந்தைக் குடும்பத்து மரம். அழிந்ததாக எண்ணப்பட்ட அதிலும் ஒரே ஒரு மரம் இருந்தது. அது 1994இல் இறந்தது. அரும்பாடுபட்டு வளர்த்த கன்றுகளில் கடைசியானது 2003இல் பூஞ்சை நோய்க்கும் கறையானுக்கும் இரையாயிற்று. ஒரே தீவு, ஒரே மனிதரின் கண், ஒரே அக்கறை. ஒன்று மீண்டது, மற்றது மீளவில்லை. மனிதர் எவ்வளவு உழைத்தாலும், எஞ்சியது மிகக் குறைவாக இருக்கும்போது முடிவு மனிதர் கையில் இருப்பதில்லை.

2017இல் தீவுக்கு முறையான விமானப் போக்குவரத்து தொடங்கியது. சில நாட்கள் கப்பலில் பயணம் செய்து அடைய வேண்டியிருந்த இடத்துக்கு இன்று சில மணி நேரத்தில் செல்லலாம். நெப்போலியன் வாழ்ந்த இல்லத்தைக் காணச் செல்வோர் கருங்காலிப் பூவையும் கண்டு வருகின்றனர். நாலாயிரத்துச் சொச்சம் மக்கள் வாழும் தீவு அது. அங்குள்ளோர் நாற்றங்கால் வைத்து, களை நீக்கி, நீர் சுமந்து அச்செடியைப் பேணிவருகின்றனர்.

கவிஞர்க்கு இவ்வரலாறு உணர்த்துவது ஒன்று உண்டு. அத்தீவின் கருங்காலிக்குப் பெயர் இருந்தது. அப்பெயர் மூன்று நூற்றாண்டுகளாக ஆவணங்களில் எழுதப்பட்டும் வந்தது. ஆனால் அது எங்கே நிற்கிறது, எப்போது பூக்கிறது, எதனோடு சேர்ந்து வாழ்கிறது என்று அறிந்து சொன்னவர் அரியர். சொன்னவர் இல்லாததால் இழந்தவரும் இழப்பை உணரவில்லை. குறிஞ்சி எது, நெய்தல் எது, காந்தள் எங்கே மலரும் என்று பாட்டில் பதித்துவைத்த மொழிக்கு இந்தக் குறை இல்லை. ஆனால் பாட்டில் உள்ள பெயரை வாயில் வைத்துக்கொண்டு, வேலியோரத்துத் துத்தியையும் குளக்கரைப் பூவரசையும் கண்ணெடுத்துப் பாராதவர்க்கு, பெயர் மட்டும் எஞ்சிய அத்தீவின் மக்களைவிட மிகுந்த பெருமை இல்லை. பாறையில் இருந்த இரண்டு புதர்களைக் கண்டவர் இருவர். அவர்களுள் ஒருவர் அந்த மண்ணின் செடிகளைச் சிறுவயது முதல் உறவாக அறிந்தவர். அந்த அறிமுகமே அன்று ஓர் இனத்தை மீட்டது.